138 நிமிடம், ஒரே ஷாட்: நார்வே கேமராமேன் ஸ்டுர்லா க்ரோவ்லெனை எங்கிருந்து படிக்கத் தொடங்குவது?

பிறைநிழல் கேட்டது:

'விக்டோரியா' (2015) படத்தின் ஒளிப்பதிவாளர் ஸ்டுர்லா பிராண்ட் க்ரோவ்லென் பற்றி விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். கடைசியில் டைட்டில் ஓடும்போது இயக்குநர் செபாஸ்டியன் ஷிப்பருக்கும் முன்னால், முதல் பெயராக இவர் பெயர் வருகிறது. அது ஒன்றே இவர் வேலையை உட்கார்ந்து படிக்கப் போதுமான காரணம்.

என் கேள்விகள் சில. 138 நிமிடம் வெட்டே இல்லாமல் ஓடும் ஷாட்டுக்குக் கேமரா, கார்டு, பேட்டரி, ஃபோகஸ் எல்லாம் எப்படிக் கணக்குப் போடுவார்கள்? குலுங்காமல் எடுக்க உடம்பில் மாட்டும் ஸ்டெடிகாமோ, மோட்டார் வைத்த கிம்பலோ ஏன் வைத்துக்கொள்ளவில்லை? இவருடைய மற்ற படங்களை எந்த வரிசையில் பார்த்தால் வளர்ச்சி பிடிபடும்? இயக்குநர் யோவாகிம் திரியெரின் ஆஸ்லோ படங்களும் இவர் எடுத்ததுதானே? பொதுவாக நார்வேயில் ஒரு ஒளிப்பதிவாளர் எப்படி உருவாகிறார், டி.வி.யிலிருந்தா, பள்ளியிலிருந்தா?

ஐரிஸ்வளையம் பதில்:

முதல் கேள்விக்கு மட்டும் நான். மற்றதை வேறு யாராவது எடுத்துக்கொள்ளட்டும்.

படம் பிடித்தது 2014 ஏப்ரல் 27, பெர்லினில், விடிகாலை நாலரையிலிருந்து ஏழு மணிக்குள். மொத்தம் மூன்று முழு டேக். படத்தில் இருப்பது மூன்றாவது. திரைக்கதை 12 பக்கம்தான், வசனம் பெரும்பாலும் நடிகர்கள் அங்கேயே பேசியது. இதை முதலில் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். வசனம் நிலையாக இல்லையென்றால் யார் எப்போது திரும்புவார்கள் என்பது கேமராமேனுக்கு முன்கூட்டித் தெரியாது. வழி தெரியும், இடம் தெரியும், அடுத்த வரி தெரியாது.

கேமரா கேனன் சி300. அந்த வருடத்தில் அதைவிட நல்ல படம் தரும் கேமராக்கள் இருந்தன. ஆனால் இந்த வேலைக்கு அவை ஒத்துவராது. கணக்கைப் பாருங்கள். சி300 பதிவு செய்வது வினாடிக்கு 50 மெகாபிட், அதாவது 6.25 மெகாபைட். 138 நிமிடம் என்பது 8,280 வினாடி. பெருக்கினால் ஏறக்குறைய 52 ஜி.பி. ஒரே ஒரு 64 ஜி.பி. சி.எஃப். மெமரி கார்டில் முழுப் படமும் அடங்கிவிடும். போதாததற்கு இரண்டு கார்டு செருகும் இடம் உண்டு. இரண்டிலும் ஒரே நேரத்தில் பதிவு செய்தால் ஒரு கார்டு மக்கர் செய்தாலும் டேக் பிழைக்கும். இதையே புரோரெஸ் 4444 என்ற உயர்தரப் பதிவு முறையில் எடுத்திருந்தால் எச்.டி. அளவிலேயே 270 ஜி.பி.யைத் தாண்டும். சின்ன சினிமா கேமராவான அலெக்ஸா மினி வந்தது 2015-இல்தான். அதற்கு முன்பிருந்த அலெக்ஸாவைத் தோளில் வைத்து இரண்டேகால் மணி நேரம் ஓடச் சொன்னால் பாதியிலேயே கை நடுங்க ஆரம்பித்துவிடும். சி300-இன் வெறும் உடல் எடை ஒன்றரைக் கிலோவுக்கும் குறைவு. லென்ஸ், பேட்டரி, கைப்பிடி, வயர்லெஸ் டிரான்ஸ்மிட்டர் எல்லாம் ஏறினாலும் நாலைந்து கிலோவுக்குள் நிறுத்திக்கொள்ளலாம்.

விலை கொடுக்க வேண்டியது படத்தின் தரத்தில். அது 8 பிட் பதிவு, நிறப் படிகள் குறைவு. இரவு வானம், சோடியம் விளக்கு பட்ட சுவர் மாதிரி மெல்ல மாறும் பரப்புகளை டி.ஐ.யில் (பிறகு நிறம் திருத்தும் கட்டத்தில்) இழுத்தால் பட்டை பட்டையாகத் தெரியும். அதனால் எடுக்கும்போதே எக்ஸ்போஷர் சரியாக இருக்க வேண்டும். 'பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்பது இந்தக் கேமராவில் செல்லாது.

அடுத்தது ஃபோகஸ். சூப்பர் 35 சென்சார், 24 எம்.எம். லென்ஸ், 2.8 ஸ்டாப் (லென்ஸ் திறப்பின் அளவு, எண் குறைந்தால் திறப்பு பெரிது) என்று வைத்துக்கொள்வோம். இது எடுத்துக்காட்டுக்கான கணக்கு, அன்றைக்கு அவர் வைத்த ஸ்டாப் இது என்று சொல்லவில்லை. மூன்று மீட்டரில் ஃபோகஸ் வைத்தால் 2.2 மீட்டரிலிருந்து 4.7 மீட்டர் வரை தெளிவாக இருக்கும். நாலு பேர் தெருவில் வரிசையாக நடக்க அது தாராளம். அதையே 1.4-க்குத் திறந்தால் தெளிவு 2.5-இலிருந்து 3.7 மீட்டருக்குச் சுருங்கிவிடும். முன்னால் நிற்பவன் முகத்தில் ஃபோகஸ் இருந்தால் பின்னால் நிற்பவன் போய்விடுவான். அதனால்தான் இப்படிப்பட்ட வேலையில் வைட் லென்ஸ், உயர்ந்த ஐ.எஸ்.ஓ. (ஒளி உணர்திறன்), கொஞ்சம் மூடிய ஐரிஸ் (லென்ஸ் திறப்பு) என்று போவார்கள். இரைச்சல் கொஞ்சம் ஏறும். ஏறட்டும். ஃபோகஸ் போன முகத்தைவிடப் புள்ளி தெரியும் முகம் மேல்.

ஐரிஸ் விஷயத்தில்தான் நிறையப் பேர் மாட்டிக்கொள்கிறார்கள். படம் ஸ்ட்ரோப் அடிக்கும் கிளப்பில் ஆரம்பிக்கிறது, இருட்டுத் தெரு, மாடி, கார் நிறுத்துமிடம் என்று போய் நல்ல காலை வெளிச்சத்தில் முடிகிறது. ஷாட் ஓடும்போது ஐ.எஸ்.ஓ.வை மாற்றினால் படம் ஒரு படி குதிக்கும். உள்ளேயே இருக்கும், வெளிச்சத்தைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர் சக்கரத்தைச் சுற்றினால் கறுப்பு விளிம்பு ஒன்று சட்டகத்தைக் கடந்து போகும். ஸ்டில் கேமரா லென்ஸில் மின்சார ஐரிஸைத் திருகினால் மூன்றில் ஒரு பங்கு ஸ்டாப் என்று படிப்படியாகத் துடிக்கும். கிளிக் இல்லாத ஐரிஸ் வளையம் கொண்ட சினிமா லென்ஸ், அதில் ஒரு மோட்டார், தள்ளி நின்று மானிட்டரைப் பார்த்து இழுக்க ஓர் ஆள் - நிம்மதியான வழி இது ஒன்றுதான். என்.டி.யை மாற்றியே ஆகவேண்டும் என்றால் கேமரா ஒருவர் முதுகுக்குப் பின்னாலோ கதவின் இருட்டிலோ போகும் அந்த அரை வினாடியில் மாற்றிவிட வேண்டும்.

நேரமும் ஒரு லைட்தான். ஏப்ரல் கடைசியில் பெர்லினில் சூரியன் உதிப்பது சுமார் 5.45-க்கு. நாலரைக்கு ஆரம்பித்தால் ஒன்றேகால் மணி நேரம் இரவும் வெளுப்பும், மீதி பகல். கால் மணி தாமதமாக 'ஆக்‌ஷன்' சொன்னால் இருட்டில் நடக்க வேண்டிய காட்சி பாதி வெளிச்சத்தில் நடக்கும். லைட்மேனிடம் சொல்லிச் சூரியனை நிறுத்த முடியாது.

சத்தத்துக்கும் ஒரு கணக்கு உண்டு. கேமராவும் தனி ரெக்கார்டரும் வெவ்வேறு கடிகாரத்தில் ஓடினால், சாதாரண கடிகாரப் படிகம் பத்து லட்சத்துக்கு 20 பங்கு தவறினாலே 138 நிமிடத்தில் 0.17 வினாடி விலகும், அதாவது நாலு ஃபிரேம். உதட்டசைவு கண்ணில் உறுத்தும் அளவு அது. வெட்டு இருந்தால் அங்கே நகர்த்திச் சரிசெய்யலாம், இங்கேதான் வெட்டே இல்லையே. எல்லாவற்றுக்கும் ஒரே நேரக் குறி தரும் துல்லியமான டைம்கோடு பெட்டியை எல்லாக் கருவியிலும் மாட்டி ஓடவிட வேண்டும். வயர்லெஸ் மைக் மட்டும் நம்பினால் ஆள் காருக்குள்ளோ அடித்தளத்துக்கோ போனதும் சிக்னல் அறுந்துவிடும். நடிகர் உடம்பிலேயே பதிவு செய்யும் சின்ன ரெக்கார்டர் துணைக்கு இருந்தால் பிழைத்தோம்.

இன்னொன்று, பலர் கோட்டைவிடுவது. இந்த வகைக் கேமரா நீண்ட பதிவை ஒரே கோப்பாக எழுதாது. சில ஜி.பி.க்கு ஒரு முறை துண்டாக்கிக்கொண்டே போகும். கார்டிலிருந்து வீடியோக் கோப்புகளை மட்டும் பொறுக்கி இழுத்துப்போட்டால் இணைப்பில் சத்தம் வெட்டும், சில ஃபிரேம் காணாமல் போகும். கார்டின் முழு ஃபோல்டர் அமைப்பையும் அப்படியே பிரதி எடுத்து, செக்சம் (கோப்பின் சரிபார்ப்பு எண்) ஒத்துப் பார்த்த பிறகே கார்டை அழிக்க வேண்டும்.

பிறைநிழல்:

நன்றி, ஐரிஸ். ஸ்டெடிகாம் கேள்வி அப்படியே நிற்கிறது.

ஐரிஸ்வளையம்:

ஸ்டெடிகாம் கையையும் உடுப்பையும் மாட்டிக்கொண்டு காரின் பின்சீட்டில் உட்கார முடியாது. கழற்ற வேண்டும் என்றால் வெட்ட வேண்டும். கிம்பலுக்கு வேறு தொல்லை: பேட்டரி தீரும், மோட்டார் சூடேறும், நடிகர் திடீரென்று ஓடினால் அது அரை வினாடி தாமதமாகத் திரும்பும். கையில் வைத்திருந்தால் கேமரா நாலு பேர் கூட்டத்தில் ஐந்தாவது ஆள் மாதிரி நடந்துகொள்ளும். அந்தப் படத்துக்கு அதுதான் தேவைப்பட்டது.

வடகாற்று பதில்:

திரியெர் விஷயத்தில் ஒரு திருத்தம். 'ரிப்ரைஸ்' (2006), 'ஆஸ்லோ, ஆகஸ்ட் 31' (2011) இரண்டையும் எடுத்தவர் யாகோப் ஈரே. அவர் சுவீடன்காரர். பிறகு 'செர்னோபில்' தொடருக்கு 2019-இல் எம்மி வாங்கியவரும் அவர்தான். 2021-இல் வந்த 'உலகிலேயே மோசமான மனிதர்' படத்தை 35 எம்.எம். ஃபிலிமில் எடுத்தவர் காஸ்பர் துக்சன், டென்மார்க்காரர். ஆக, ஆஸ்லோவை உலகத்துக்குக் காட்டிய மூன்று படத்திலும் கேமரா அக்கம்பக்கத்து நாட்டுக்காரர் கையில். நார்வேக்காரரான க்ரோவ்லெனோ பெர்லினிலும் ஐஸ்லாந்திலும் பேர் வாங்கினார். ஸ்காண்டிநேவியாவில் ஒளிப்பதிவாளரின் நாட்டை வைத்துப் படத்தைத் தேடாதீர்கள், கூட்டுத் தயாரிப்பு அதிகம்.

வரிசை கேட்டீர்கள். 'விக்டோரியா' பார்த்தாகிவிட்டது, அதற்கு 2015 பெர்லின் விழாவில் ஒளிப்பதிவுக்காகச் சில்வர் பேர் (வெள்ளிக் கரடி) பரிசு கிடைத்தது. உடனே அதே 2015-இல் வந்த ஐஸ்லாந்துப் படம் 'ராம்ஸ்' பாருங்கள். கிரீமுர் ஹகோனார்சன் இயக்கியது, கான் திரைப்பட விழாவில் 'அன் செர்டெய்ன் ரிகார்ட்' பரிசு வென்றது. ஒரே ஆள், ஒரே வருடம். ஆனால் இங்கே கேமரா நகரவே யோசிக்கிறது. அகலச் சட்டகத்தில் பள்ளத்தாக்கு, நடுவில் பேசிக்கொள்ளாத அண்ணன் தம்பியின் இரண்டு வீடுகள், ஆடுகள். அந்த இரண்டு வீட்டுக்கும் இடையே உள்ள தூரத்தைச் சட்டகம் எப்படிப் பிடித்துவைக்கிறது என்று மட்டும் கவனித்தால் போதும். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் 'இவருடைய ஸ்டைல் என்ன' என்ற கேள்வியே விழுந்துவிடும்.

அடுத்து தாமஸ் விண்டர்பெர்கின் 'ட்ரூக்' (2020), ஆங்கிலத் தலைப்பு 'அனதர் ரவுண்ட்'. மறுபடி கையில் பிடித்த கேமராதான், ஆனால் வெட்டு உண்டு, குளோசப் உண்டு. குடி ஏற ஏறக் கேமராவின் சமநிலை எங்கே தளர்கிறது என்று பாருங்கள். பிறகு எஸ்கில் வோக்டின் 'தி இன்னசன்ட்ஸ்' (2021). இதுதான் அவர் ஊர்ப்பக்கம், ஆஸ்லோ புறநகர் அடுக்குமாடி, கோடை வெயில். பயமுறுத்தும் படத்தைப் பட்டப்பகலில் எடுத்திருக்கிறார்கள், ஒளிந்துகொள்ள நிழல் கிடையாது. கேமரா பல இடத்தில் குழந்தையின் கண் உயரத்துக்கு இறங்கிவிடுகிறது. கடைசியாக, யோகன் யோகன்சன் இயக்கிய 'லாஸ்ட் அண்ட் ஃபர்ஸ்ட் மென்' (2020). 16 எம்.எம். கறுப்பு வெள்ளை, பழைய யூகோஸ்லாவியாவின் கான்கிரீட் நினைவுச்சின்னங்கள், ஆள் நடமாட்டமே கிடையாது. பொறுமை இருக்கும் அன்றைக்குப் பாருங்கள், மற்ற நாளில் தூக்கம் வரும்.

மூன்றாம்சட்டகம் பதில்:

தொழில் பாதை பற்றி.

நார்வேக்கு என்று தேசியத் திரைப்படப் பள்ளி வந்ததே 1997-இல், லில்லஹாமரில். அதற்கு முன்னால் படிக்க நினைத்தவர்கள் வெளிநாடு போக வேண்டும், இல்லையென்றால் யாரிடமாவது உதவியாளராகச் சேர வேண்டும், இல்லையென்றால் அரசு ஒலிபரப்பு நிறுவனமான என்.ஆர்.கே.யில் வேலைக்குச் சேர வேண்டும். என்.ஆர்.கே. டி.வி. முறையாகத் தொடங்கியது 1960-இல். அங்கே கேமராமேன் என்றால் மாதச் சம்பளம், கையில் 16 எம்.எம்., இன்றைக்குச் செய்தி, நாளைக்கு ஆவணப்படம், மறுநாள் நாடகம். என்.ஆர்.கே. என்ற அந்தப் பள்ளி என்ன தரும் என்று பார்க்க வேண்டுமானால், ஓவியர் மூங்க்கைப் பற்றி பீட்டர் வாட்கின்ஸ் இயக்கிய 'எட்வர்ட் மூங்க்' (1974) போதும். கேமரா ஓட்-கேர் சேத்தர். என்.ஆர்.கே.யும் சுவீடன் டி.வி.யும் சேர்ந்து எடுத்தது, டி.வி. பதிப்பு மூன்றரை மணி நேரம். 19-ஆம் நூற்றாண்டுக் கதையைச் செய்திக் கேமராமேன் எட்டிப் பார்ப்பது போல எடுத்திருப்பார், பாத்திரங்கள் நேராக லென்ஸைப் பார்ப்பார்கள். டி.வி.க்காரர் என்பதால்தான் அது அப்படி வந்தது என்பது என் கட்சி.

இன்னொரு வழி, பத்திரிகைப் புகைப்படம். எரிக் பாப்பே நாளிதழ்ப் புகைப்படக்காரராக இருந்து, ஸ்டாக்ஹோமில் படித்து, பென்ட் ஹாமரின் 'எக்ஸ்' (Eggs, 1995) படத்துக்குக் கேமரா பிடித்து, பிறகு இயக்குநராகிவிட்டார். க்ரோவ்லென் படித்தது கோபன்ஹேகனில் உள்ள டேனிஷ் திரைப்படப் பள்ளியில்.

லில்லஹாமரில் சேர நினைத்தால் இரண்டு விஷயம். ஒவ்வொரு துறைக்கும் எடுப்பது கைவிரலில் எண்ணும் அளவுதான். பாடம் ஸ்காண்டிநேவிய மொழியில், ஆகவே நார்வேஜியனோ சுவீடிஷோ டேனிஷோ வரவேண்டும். ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதிக்கு வெளியிலிருந்து வருபவர்களுக்கு 2023 இலையுதிர் பருவத்திலிருந்து நார்வேயின் அரசு உயர்கல்வியில் கட்டணமும் உண்டு. 'நார்வேயில் படிப்பு இலவசம்' என்று பழைய பதிவுகளில் இருப்பதை நம்பிக் கிளம்பிவிட வேண்டாம்.

இயக்குநர்-கேமராமேன் ஜோடி அங்கே நீண்ட நாள் ஓடும். ஹான்ஸ் பெட்டர் மோலண்டும் பிலிப் ஓகோர்டும் 'ஜீரோ கெல்வின்' (1995) தொடங்கி 'இன் ஆர்டர் ஆஃப் டிசப்பியரன்ஸ்' (2014) வரை பல படம். பெரிய பட்ஜெட் பக்கம் கேர் ஹார்ட்லி ஆண்டிரியாசன் ('மாக்ஸ் மனுஸ்', 'கோன்-டிக்கி'), ஜான் கிறிஸ்டியன் ரோசன்லுண்ட் ('தி வேவ்').

வெளிநாட்டு யூனிட் வருவதால் உள்ளூர்க் குழுவுக்குக் கிடைக்கும் வேலையும் சேர்ந்துகொண்டது. நார்வேயில் செலவழித்ததில் 25 சதவீதம் வரை திருப்பித் தரும் திட்டம் 2016-இல் தொடங்கியது. அதனால் குன்றும் ஃபியோர்டும் தேடி ஹாலிவுட் வருகிறது. ஆனால் அங்கே முதன்மை ஒளிப்பதிவாளர் பெரும்பாலும் கூடவே வந்தவராக இருப்பார். உள்ளூர்க்காரருக்குக் கிடைப்பது இரண்டாம் யூனிட், ஃபோகஸ், கிரிப் (கேமராவைத் தாங்கும் சாதனங்களைப் பொருத்தும்) வேலை.

டைட்டில் படிக்கும்போது ஒரு கண்ணி: நார்வேயில் 'பி-ஃபோட்டோ' என்று போட்டிருந்தால் அவர் இரண்டாவது கேமராவை இயக்கியவர் என்று நினைத்துவிடாதீர்கள். அது ஃபோகஸ் புல்லர், அதாவது ஃபோகஸை இழுக்கும் உதவியாளர். 'சி-ஃபோட்டோ' என்றால் கிளாப் அடிப்பவர், கார்டோ ஃபிலிமோ மாற்றுபவர். ஒளிப்பதிவாளர் வெறுமனே 'ஃபோட்டோகிராஃப்' அல்லது 'ஃபோட்டோ'. இது தெரியாமல் ஒருவரின் தொழில் வரலாற்றைத் தொகுத்தால், உதவியாளராக இருந்த வருடங்களெல்லாம் ஆபரேட்டர் ஆகிவிடும். நார்வே ஆள்களைப் பற்றி ஆங்கிலத்தில் இருக்கும் குறிப்புகளில் இந்தக் குழப்பத்துக்கு இடம் அதிகம்.

வடகாற்று:

அருமை, சட்டகம். அங்கே கேமராமேனுக்கு உண்மையான பள்ளி அந்த ஊர் வெளிச்சம்தான் என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். டிசம்பர் கடைசியில் ஆஸ்லோவில் நடுப்பகலிலேயே சூரியன் அடிவானத்துக்கு மேல் ஏழு டிகிரிகூட ஏறாது. பகல் ஆறு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. அந்த ஆறு மணி நேரமும் சாய்வெயில், கேட்டால் எந்தக் கேமராமேனும் வேண்டாம் என்று சொல்ல மாட்டான். ஆனால் யூனிட் சாப்பிட்டுவிட்டு வருவதற்குள் போய்விடும். ட்ரோம்சோவில் நவம்பர் கடைசியிலிருந்து ஜனவரி நடு வரை சூரியனே எழாது, சில மணி நேரம் நீல வெளிச்சம் மட்டும். மே நடு தாண்டியதிலிருந்து ஜூலை நடு தாண்டும் வரை சூரியன் இறங்காது. எரிக் ஷோல்ட்பியார்கின் 'இன்சோம்னியா' (1997) முழுக்க அந்த மறையாத வெயிலில்தான் நிற்கிறது. கேமரா எர்லிங் துர்மன்-ஆண்டர்சன். குற்றவாளி ஒளிய இருட்டு வேண்டும் என்ற வழக்கத்தையே திருப்பிப் போட்ட படம். ஜன்னல் திரையின் ஓரத்தில் கசியும் வெளிச்சத்தைப் பாருங்கள், அதுதான் வில்லன்.

பனியில் ஒளி அளக்கும் மீட்டர் பொய் சொல்லும். வெறும் பனியை அளந்தால் அது சாம்பல் நிறத்துக்கு இழுத்துவிடும், இரண்டு ஸ்டாப் வரை (நாலு மடங்கு வெளிச்சம்) திறந்தால்தான் பனி பனியாகத் தெரியும். குளிர் மைனஸ் இருபதில் பேட்டரியின் திறன் பாதிக்குப் போய்விடலாம், அடுத்த பேட்டரி சட்டைக்குள் உடம்புச் சூட்டில் இருக்க வேண்டும். டிரைபாட் தலையில் எண்ணெய் கெட்டியாகிப் பேனிங் (கேமராவைப் பக்கவாட்டில் திருப்புவது) இழுக்கும். கேபிள் விறைத்து இணைப்பு முனையில் ஒடியும். எல்லாவற்றிலும் மோசம், எடுத்து முடித்துவிட்டுக் கேமராவைச் சூடான அறைக்குள் அப்படியே கொண்டுபோவது. லென்ஸ் உள்ளேயும் சர்க்யூட் மேலேயும் ஈரம் கோத்துவிடும். வெளியிலேயே பிளாஸ்டிக் பையில் போட்டுக் காற்றுப் புகாமல் கட்டி, உள்ளே கொண்டுவந்து, சில மணி நேரம் தொடாமல் விட வேண்டும். கார்டை வெளியிலேயே உருவிக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் பை திறக்கும்வரை பிரதி எடுக்க முடியாது.

ஓரவெளிச்சம் பதில்:

ஒரே ஷாட் என்று வந்தபின் இன்னொரு நார்வேக்காரரை விட்டுவிட்டீர்களே. மார்ட்டின் ஓட்டர்பெக், எரிக் பாப்பேயின் 'உட்டோயா, ஜூலை 22' (2018). 2011 ஜூலை 22 அன்று நார்வேயின் உட்டோயா தீவில் இளைஞர் முகாம் மீது நடந்த துப்பாக்கிச் சூடு நீடித்த 72 நிமிடத்தை அதே 72 நிமிடத்தில், ஒரே ஷாட்டில் எடுத்தது. அந்த வருட ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில் ஒளிப்பதிவாளருக்கான பரிசு இவருக்கு. உண்மையான தீவில் எடுக்கவில்லை, வேறொரு தீவில். நாளுக்கு ஒரு டேக் என்று ஐந்து நாள் எடுத்தார்கள். நடிகர்கள் இளையவர்கள், ஒரு நாளில் இரண்டு முறை அந்தக் காட்சியைத் தாங்க முடியாது என்பது சொல்லாமலே புரியும்.

'விக்டோரியா'வோடு வைத்துப் பார்க்க வேண்டியது கேமராவின் நடத்தை. அங்கே கேமரா ஐந்தாவது நண்பன் என்று ஐரிஸ் சொன்னார். இங்கே கேமரா பயந்து ஒளிகிறது. காயா என்ற பெண் தரையில் படுத்தால் அதுவும் படுக்கிறது, அவளுக்குத் தெரியாததை நமக்கும் காட்டுவதில்லை. சுடுபவனை ஏறக்குறைய பார்ப்பதே இல்லை, தூரத்தில் நிழலுருவாகத் தவிர.

அதே 2018-இல் அதே சம்பவத்தைப் பால் கிரீன்கிராஸ் '22 ஜூலை' என்று எடுத்தார், கேமரா பால் உல்விக் ரோக்செத், இவரும் நார்வேக்காரர். அது வெட்டி வெட்டிச் சொல்லும் படம், தீவிலிருந்து மருத்துவமனை, நீதிமன்றம் என்று நகரும். சுட்டவன் முகமும் உண்டு. இரண்டிலும் தீவுக் காட்சியை மட்டும் ஒட்டிப் பாருங்கள். முதல் குண்டுச் சத்தம் கேட்கும்போது இரண்டு கேமராவும் எந்தப் பக்கம் திரும்புகின்றன என்று குறித்துக்கொள்ளுங்கள்.

பிறைநிழல்:

குறித்துக்கொண்டேன். பெயர் தேடும்போதுதான் தடுமாற்றம். க்ரோவ்லென் சில பட்டியலில் அகப்படுவதே இல்லை.

மூன்றாம்சட்டகம்:

இரண்டு காரணம். 'பிராண்ட்' நடுப்பெயர், குடும்பப் பெயர் 'க்ரோவ்லென்'. ஆகவே ஆங்கில 'ஜி' (G) வரிசையில் தேட வேண்டும், 'பி' (B) வரிசையில் இல்லை. அடுத்து, 'க்ரோவ்லென்' பெயரில் வரும் அந்த 'ஓ' சாதாரண ஓ அல்ல, குறுக்கே கோடு போட்ட தனி எழுத்து (ø). நார்வே அகரவரிசையில் அது இசட்டுக்கும் பின்னால் வரும். பிலிப் ஓகோர்டின் குடும்பப் பெயர் அந்த எழுத்தில்தான் தொடங்குகிறது, அதனால் நார்வேப் பட்டியலில் அவர் கடைசிப் பக்கத்தில் இருப்பார். கோடில்லாத ஓ போட்டால் சில தேடுபொறிகள் கொடுக்கும், சில கொடுக்காது. இரண்டையும் போட்டுப் பாருங்கள். படவாரியாக யார் என்ன வேலை செய்தார் என்று சரிபார்க்க நார்வே தேசிய நூலகத்தின் 'நோர்ஸ்க் ஃபில்மோகிராஃபி'தான் முதல் இடம். உள்நாட்டுப் பரிசுக்கு ஹௌகேசுண்டில் 1985 முதல் கொடுக்கும் அமாண்டா பட்டியல், டி.வி. வேலைக்கு குல்ருட்டன் பட்டியல்.